கலவை இயந்திரங்களில் விரிசல்: வருமுன் காப்பதும் வந்தபின் சரிசெய்வதும்

ட்ரான்சிட் மிக்ஸர் லாரியின் டிரம்மை நன்றாகக் கழுவிக் காயவிட்டு, சாய்வெயிலில் நிறுத்திப் பார்த்தால், சில வண்டிகளில் ஒரு கோடு தெரியும். பின்பக்க ரோலர்கள் தாங்கும் வளையத்தை ஒட்டி, தலைமுடி கனத்தில், இரண்டு மூன்று விரற்கடை நீளத்தில், செம்பழுப்பாக இருக்கும். துடைத்தால் போய்விடும், மறுநாள் அதே இடத்தில் மறுபடி நிற்கும். டிரம் சுற்றும்போதெல்லாம் விரிசலின் இரு முகங்களும் ஒன்றோடொன்று உரச, அந்த உரசலில் கிளம்பும் துருத்தூள்தான் அது. அந்த நிலையில் பிடித்துவிட்டால் அரைநாள் வேலையோடு முடியும். விட்டுவைத்தால் கோடு வளையத்தைச் சுற்றி ஓடும். பிறகு சிமென்ட் பால் கசியும். கடைசியில் டிரம்மையே கழற்ற வேண்டி வரும்.

கலவை இயந்திரம் என்ற ஒரே பெயருக்குள் பல இனங்கள் உண்டு. வீடு கட்டும் இடத்தில் கொத்தனார்கள் மில்லர் மிஷின் என்று அழைக்கும் சிறிய மிக்ஸர் ஒன்று. பேட்சிங் பிளான்டில் உள்ள இரட்டைத் தண்டு மிக்ஸரும், அதைச் சூழ்ந்து நிற்கும் ஜல்லித் தொட்டிகள், எடைத் தொட்டிகள், சிமென்ட் சைலோக்களும் இன்னொன்று. சாலையில் ஓடும் ட்ரான்சிட் மிக்ஸர் மூன்றாவது. இவற்றில் எங்கே விரிசல் கண்டாலும் பட்டறையில் முதலில் கேட்கும் பேச்சு, ‘வெல்டிங் விட்டுப்போச்சு’ என்பது. அடுத்த பேச்சு, ‘மேலே ஒரு ராடு ஓட்டிவிடு’ என்பது. இந்த இரண்டு பேச்சும் சேர்ந்துதான் நம் யார்டுகளில் நிறைய இயந்திரங்களைக் காலத்துக்கு முன்பே பழைய இரும்புக்கு அனுப்புகின்றன என்பது என் உறுதியான கருத்து. பெரும்பாலான விரிசல்களில் வெல்டிங் விட்டுப்போவதில்லை. வெல்டிங்கின் ஓரத்தில் தகடு அயர்ந்துபோகிறது. ஏன் அயர்ந்தது என்று கேட்காமல் மேலே ஓட்டும் ராடு, அடுத்த விரிசலுக்கு இடம் தயார் செய்துவிட்டுப் போகிறது.

உலோக அயர்ச்சி என்பது புதிய அறிவு இல்லை. 1842 மே 8 அன்று வெர்சாயிலிருந்து பாரிஸுக்குத் திரும்பிய ரயிலில் எஞ்சின் அச்சு முறிந்து, தீப்பிடித்து, ஐம்பதுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். அச்சு நேற்றுவரை அதே சுமையைத் தாங்கியது, இன்று ஏன் முறிந்தது என்ற கேள்வி அதன்பிறகு ஐரோப்பியப் பொறியாளர்களை விடவில்லை. ஜெர்மானிய ரயில்வேப் பொறியாளர் ஆகஸ்ட் வோலர் 1850களிலிருந்து 1870 வரை அச்சுகளைச் சுழற்றிச் சுழற்றி வளைத்துப் பார்த்துத் தெளிவான விடை சொன்னார். ஒரே தடவையில் உடைக்கும் சுமையைவிட வெகுவாகக் குறைந்த சுமையும், போதிய தடவை திரும்பத் திரும்ப வந்தால், உடைத்துவிடும். சுமையின் உச்சத்தைவிட, ஒவ்வொரு சுற்றிலும் தகைவு (ஸ்ட்ரெஸ்) எவ்வளவு ஏறி இறங்குகிறது என்பதே ஆயுளைத் தீர்மானிக்கிறது.

மிக்ஸர் டிரம்முக்கு இதைவிடப் பொருத்தமான பாடம் கிடையாது. முன்பக்கம் கியர்பாக்ஸ், பின்பக்கம் இரண்டு ரோலர்கள். இடையில் 6 கனமீட்டர் கான்கிரீட். கனமீட்டருக்கு 2.4 டன் என்று வைத்தால் 14.4 டன். டிரம் ஒரு சுற்று சுற்றும்போது தகட்டின் ஒவ்வொரு புள்ளியும் கீழே வரும்போது இழுபடுகிறது, மேலே போகும்போது அமுங்குகிறது. வோலர் சுழற்றிய அச்சு செய்ததும் இதையேதான். அச்சு கெட்டியான தண்டு, டிரம் 4, 5 மில்லிமீட்டர் தகட்டால் ஆன கூடு. ரோலர் ஓடும் வளையத்துக்கு இன்னொரு சுமையும் கூடச் சேர்கிறது. ஒவ்வொரு சுற்றிலும் இரண்டு ரோலர்கள் மேல் ஏறி இறங்குவதால் அங்கே இரண்டு அழுத்தத் துடிப்புகள் விழுகின்றன. விரிசல் வளையத்தை ஒட்டித் தொடங்குவதற்கு இதுவே முதல் காரணம்.

தோராயமாக ஒரு கணக்குப் போடலாம். ஒரு லோடு ஏற்றி, கலக்கி, போய்ச் சேர்ந்து, இறக்கி முடிக்கும்வரை சுமையோடு 300 சுற்று. நாளுக்கு 5 லோடு. ஆண்டுக்கு 300 வேலைநாள். ஆண்டுக்கு நாலரை லட்சம் சுற்று ஆகிறது. வெல்டிங் இணைப்புகளின் தாங்கும் திறனை பல நாடுகளில் 20 லட்சம் சுற்றுக்கு என்று வைத்துத்தான் குறிக்கிறார்கள். நம் டிரம் அந்த எண்ணை நாலரை ஆண்டில் தொடுகிறது. ஐந்தாம் ஆண்டு வண்டியில் விரிசல் வந்தால் அது விதியும் இல்லை, விபத்தும் இல்லை.

பேட்சிங் பிளான்டில் இதைவிட வேகமாக எண்ணிக்கை ஏறும் இடம் ஒன்று உண்டு. எம்.சாண்ட் இறங்காமல் ஒட்டிக்கொள்ளும் தொட்டியின் பக்கவாட்டில் மாட்டிய வைப்ரேட்டர் மோட்டாரைச் சொல்கிறேன். நிமிடத்துக்கு 3,000 சுற்று என்றால் விநாடிக்கு 50 துடிப்பு. பேட்ச் ஒன்றுக்கு 10 விநாடி ஓடி, நாளுக்கு 100 பேட்ச் போட்டால் தினமும் 50,000. நாற்பதே நாளில் 20 லட்சம். வைப்ரேட்டர் மாட்டிய தகட்டின் மூலையில் மாதத்துக்கு ஒரு முறை விரிசல் வருகிறது என்று சலித்துக்கொள்ளும் பிளான்ட் ஆபரேட்டர் தன்னை அறியாமல் ஒரு சோதனைக்கூடம் நடத்திக்கொண்டிருக்கிறார். அங்கே வெல்டரை மாற்றுவதால் பயன் இல்லை. வைப்ரேட்டர் உட்கார்ந்திருக்கும் சிறிய தகட்டை எடுத்துவிட்டு, தொட்டியின் விலாச்சட்டம் வரை எட்டும் நீளமான சேனல் ஒன்றின் மேல் அதை மாட்ட வேண்டும். சேனலின் இரு முனைகளையும் சரிவாகச் சீவி, முனையைச் சுற்றி வெல்டிங் போடாமல் சற்று உள்ளே தள்ளியே நிறுத்த வேண்டும். தொட்டி காலியாக இருக்கும்போது வைப்ரேட்டர் ஓடாதபடி கட்டுப்பாட்டுப் பலகையில் ஒரு நிபந்தனை வைத்துவிட்டால், வீணாகும் துடிப்புகள் பெருமளவு போய்விடும்.

விரிசலுக்கு மருந்தாக வழக்கமாகச் சொல்லப்படுபவை மூன்று: இன்னும் வலிமையான எஃகு, இன்னும் கனமான தகடு, இன்னும் நல்ல வெல்டிங். மூன்றையும் தனித்தனியே எடைபோட்டுப் பார்ப்பது நல்லது.

வலிமையான எஃகு என்ற விடை கேட்பதற்குக் கவர்ச்சியானது, ஆனால் மிகவும் ஏமாற்றுவதும் அதுவே. வெல்டிங் ஆறும்போது அதன் அருகில் தகட்டுக்குள் இழுவிசை தங்கிவிடுகிறது. எஃகு நிரந்தரமாக நெளியத் தொடங்கும் எல்லைக்கு அருகில்கூட அது இருக்கும். ஆகவே வெளிச்சுமை அமுக்கினாலும் சரி, இழுத்தாலும் சரி, வெல்டிங் ஓரம் எப்போதும் இழுவையிலேயே கிடக்கிறது. அதோடு அந்த ஓரத்தில் கண்ணுக்கு எட்டாத நுண்வெட்டுகளும் கசடும் தொடக்கத்திலேயே இருக்கின்றன. பிரிட்டனில் 1960களில் நடந்த ஆய்வுகள் இதைக் காட்டின. விரிசல் பிறப்பதற்குக் காத்திருக்கத் தேவையே இல்லை, வளர்வதுதான் மிச்சம். வளரும் வேகம் சாதா எஃகிலும் உயர்வலிமை எஃகிலும் ஏறக்குறைய ஒன்றுதான். அதனால்தான் பன்னாட்டு வெல்டிங் நிறுவனத்தின் பரிந்துரைகள் வெல்டிங் இணைப்பை எஃகின் தரம் பார்த்து வகுக்காமல் வடிவம் பார்த்து வகுக்கின்றன. முழுக்கச் சீவிச் சமப்படுத்திய நேர்முட்டு இணைப்பு 20 லட்சம் சுற்றுக்கு 112 மெகாபாஸ்கல் ஏற்ற இறக்கம் தாங்கும். சுமையைத் தாங்கும் அரைகுறை ஊடுருவல் கொண்ட மூலை வெல்டிங், வேர்ப்பகுதியில், 36 தான் தாங்கும். எஃகு ஒன்றே, வடிவம் மாறியதால் மூன்றில் ஒரு பங்காகிவிட்டது. ஆயுள் தகைவின் மும்மடிக்கு எதிர்விகிதம் என்பதால் இந்த வேறுபாடு ஆயுளில் முப்பது மடங்காக விரிகிறது.

இதை நினைவில் பதிய வைக்க வட கடலில் நடந்ததைச் சொல்ல வேண்டும். 1980 மார்ச் 27 அன்று அலெக்சாண்டர் கீலண்ட் என்ற மிதக்கும் தங்கும் மேடை கவிழ்ந்து 123 பேர் இறந்தார்கள். மேடையைத் தாங்கிய குழாய்த் தாங்கிகளில் ஒன்று முறிந்ததே தொடக்கம். அந்த முறிவின் வேர், ஒலிக்கருவி ஒன்றை மாட்டுவதற்காக அந்தக் குழாயில் பொருத்திய சிறு பாகத்தைச் சுற்றிப் போட்ட 6 மில்லிமீட்டர் மூலை வெல்டிங். அந்தப் பாகம் எந்தச் சுமையையும் தாங்கவில்லை. சுமை தாங்காத உறுப்பு என்பதாலேயே அதன் வெல்டிங்கை யாரும் பெரிதாக எண்ணவில்லை.

நம் வண்டிகளில் இந்த மாதிரி எத்தனை! தண்ணீர் ஹோஸ் தொங்கவிட ஒரு கொக்கி, மண்வெட்டி செருக ஒரு குழாய்த்துண்டு, கூடுதல் விளக்குக்கு ஒரு கிளாம்ப், ஏணிக்கு ஒரு படி. ஐந்து நிமிட வேலை என்று டிரம் தாங்கியின் காலிலும் துணைச்சட்டத்தின் விளிம்பிலும் நேரே வெல்டிங் வைத்துவிடுகிறார்கள். இந்தக் கட்டுரையைப் படிக்கும் யார்டு மேலாளர்கள் ஒரே ஒரு விதியை மட்டும் எடுத்துக்கொள்வதானால், இதை எடுத்துக்கொள்ளட்டும்: தாங்கும் சட்டத்தில் எழுத்து மூலமான அனுமதி இல்லாமல் எவரும் எதையும் வெல்டிங் வைக்கக் கூடாது. லாரியின் சேஸிஸ் நீளச்சட்டத்துக்கு இது இரட்டிப்பாகப் பொருந்தும். அதன் மேல், கீழ் விளிம்புகளில் துளை போடுவதையும் வெல்டிங் வைப்பதையும் லாரி உற்பத்தியாளர்கள் கையேட்டிலேயே தடுத்திருக்கிறார்கள். கொக்கி வேண்டும் என்றால் கிளாம்ப் போட்டுப் போல்ட்டால் கட்டலாம்.

கனமான தகடு என்ற இரண்டாவது விடைக்கு ஒரு நியாயம் உண்டு, ஆனால் அது புதுத்தகட்டைவிடப் பழைய தகட்டைப் பற்றியது. ஜல்லி தினமும் உள்ளே உரசுவதால் டிரம் தேய்கிறது. 5 மில்லிமீட்டர் தகடு 4 ஆகத் தேய்ந்தால் ‘ஒரு மில்லிதானே’ என்று தோன்றும். வளைவுத் தகைவு கனத்தின் இருமடிக்கு எதிர்விகிதம். ஆகவே வளையும் இடங்களில் தகைவு 1.56 மடங்காகிறது. மும்மடி எடுத்தால் ஆயுள் ஏறக்குறைய கால்பங்காகச் சுருங்குகிறது. அதாவது தேய்மானமும் விரிசலும் இரண்டு தனி நோய்கள் இல்லை. தகட்டுக் கனம் அளக்கும் மீயொலிக் கருவி கையடக்கமானது, விலையும் பெரிதில்லை. டிரம்மின் வெளியே குறித்த சில இடங்களில் பெயின்ட் புள்ளி வைத்து, ஆறு மாதத்துக்கு ஒருமுறை அதே புள்ளிகளில் அளந்து எழுதிவைத்தாலே, விரிசல் வரப்போகும் வண்டி எது என்று முன்கூட்டியே சொல்லிவிடலாம். கடினத் தகட்டால் ஆன டிரம்கள் தேய்மானத்தைத் தள்ளிப்போடுகின்றன, அந்த வகையில் அவை நல்லவை. ஆனால் கடினத் தகடு என்று சொல்லிக் கனத்தையும் குறைத்துவிட்டால் வெல்டிங் ஓரங்களுக்குக் கிடைத்த லாபம் ஒன்றுமில்லை. தாங்குசட்டங்களுக்கு உயர்வலிமை எஃகு என்று விளம்பரப்படுத்துவதில் எனக்கு நம்பிக்கை குறைவு. நல்ல வெல்டிங் என்ற மூன்றாவது விடைக்குப் பொருள் இங்கேதான்: அந்தப் பணத்தை வெல்டிங் ஓரங்களைக் கிரைண்டரால் வழுவழுப்பாக்குவதில் செலவிட்டால் பலன் கண்கூடு. ஓரத்தைச் சரியாகச் சீவினால் தாங்கும் தகைவு 1.3 மடங்காகும் என்று அதே பன்னாட்டுப் பரிந்துரைகள் கணக்கிடுகின்றன. ஆயுளில் அது இரண்டு மடங்குக்கும் மேல்.

சுமை எங்கிருந்து வருகிறது என்பதையும் பார்த்தாக வேண்டும். ட்ரான்சிட் மிக்ஸரில் டிரம்மை மூன்று புள்ளிகளில் தாங்குவதே லாரி முறுக்கும்போது டிரம் முறுக்காமல் இருப்பதற்காகத்தான். கியர்பாக்ஸும் சில டிகிரி சாய்வை அனுமதிக்கும்படி அமைந்திருக்கிறது. துணைச்சட்டத்தைச் சேஸிஸோடு பின்பக்கம் இறுக்கமாகவும் முன்பக்கம் சற்று நெகிழ்வாகவும் கட்டுவதும் அதற்காகவே. முன்பக்கம் உள்ள ஸ்பிரிங் போல்ட்டை ‘ஆடுகிறது’ என்று சொல்லி முழுக்க இறுக்கிவிடுகிறவர்கள் உண்டு. அன்றிலிருந்து சேஸிஸின் ஒவ்வொரு முறுக்கும் துணைச்சட்டத்தின் முன்முனைக்குப் போகிறது. சில மாதங்களில் அங்கே விரிசல். சைட்டுக்குள் போகும் மண்பாதையில் ஒரு சக்கரம் பள்ளத்தில் இறங்க, நிறைசுமையோடு வண்டி கோணிக்கொண்டு ஏறுவது, சாலையில் நூறு வேகத்தடை தாண்டுவதைவிடக் கொடுமை. பள்ளத்தில் இரண்டு கூடை ஜல்லி கொட்டச் சொல்லும் ஓட்டுநர், வண்டியின் ஆயுளுக்கு எந்த வெல்டரைவிடவும் அதிகம் செய்கிறார். அவருக்கு அந்த அதிகாரத்தைக் கொடுக்க வேண்டும்.

மில்லர் மிஷினின் கதை வேறு. அதன் சட்டம் கலவை போடும்போது அவ்வளவாக அடிபடுவதில்லை. ஒரு சைட்டிலிருந்து இன்னொரு சைட்டுக்கு லாரிக்குப் பின்னால் கட்டி வேகமாக இழுத்துப் போகும்போதுதான் அடிபடுகிறது. அந்த அச்சுக்குச் சரியான ஸ்பிரிங் கிடையாது. இழுவைக்கம்பியும் சக்கர அச்சும் சேரும் மூலையில் விரிசல் விழுகிறது. மெதுவாக இழுப்பது, அல்லது லாரியில் ஏற்றிப் போவது. இதற்குமேல் அதில் ஆராய ஒன்றுமில்லை.

இரட்டைத் தண்டு மிக்ஸரில் கலக்கும் கைகளின் அடிமூட்டுதான் பலவீனமான இடம். பிளேடுக்கும் அடித்தகட்டுக்கும் இடையே சில மில்லிமீட்டர் இடைவெளிதான் இருக்க வேண்டும். பிளேடு தேய்ந்து இடைவெளி பெருகினால் ஜல்லி அதில் சிக்கி, கை ஒரு கணம் பூட்டிக்கொண்டு, பிறகு விடுபடும். அந்த ஒவ்வொரு உதறலும் அடிமூட்டில் எழுதப்படுகிறது. கலவை நிறைந்திருக்கும்போது கரன்ட் போய்விட்டால் நம் ஊரில் நடப்பது இன்னொன்று: கரன்ட் வந்ததும் அப்படியே ஸ்விட்சைப் போடுவது. இறுகத் தொடங்கிய கான்கிரீட்டை அடியோடு கிளப்பும் அந்த முதல் அசைவு, பல நாள் வேலைக்குச் சமமான அடியைத் தண்டுக்கும் கைகளுக்கும் கொடுக்கும். ஜெனரேட்டர் தானாக ஓடாத பிளான்டில், முதலில் அடிக்கதவைத் திறந்து கலவையை இறக்கிவிட்டுத்தான் மோட்டாரைத் தொட வேண்டும். கதவைக் கையால் பம்ப் அடித்துத் திறக்கும் வசதி பெரும்பாலான மிக்ஸர்களில் இருக்கிறது. அது வேலை செய்கிறதா என்று பார்த்து வைப்பவர்கள்தான் குறைவு.

சைலோவையும் மறக்கக் கூடாது. கால்களில் ஒன்றின் அஸ்திவாரம் சற்று இறங்கினாலும் சுமை மற்ற கால்களுக்குப் போய், அடித்தகட்டு வெல்டிங்கில் விரிசல் காட்டும். அங்கே வெல்டிங் ராடை எடுப்பதற்கு முன் லெவல் கருவியை எடுக்க வேண்டும்.

சுத்தம் செய்யும் முறையும் விரிசலுக்கு நேர்க்காரணம் ஆகும். ஒவ்வொரு லோடுக்குப் பிறகும் தண்ணீரும் கொஞ்சம் ஜல்லியும் போட்டுச் சுற்றிக் கழுவாத டிரம்மில் கான்கிரீட் படிந்து இறுகுகிறது. ஒரு கனமீட்டர் படிந்தால் 2.4 டன் நிரந்தரச் சுமை. அதுவும் ஒரு பக்கமாகப் படிந்தால் ஒவ்வொரு சுற்றும் ஒரு குலுக்கல். பிறகு அதை உடைக்கச் சம்மட்டியும் பிரேக்கரும் உள்ளே போகின்றன. தகட்டில் விழும் ஒவ்வொரு உளித்தடமும் ஒரு விரிசல் விதை. வெளிப்புறத்தைப் பளபளப்பாக்க ஹைட்ரோகுளோரிக் அமிலம் கலந்த திரவம் தெளிக்கும் பழக்கம் இன்னும் மோசம். கான்கிரீட்டின் காரத்தன்மை, பி.எச். 12க்கு மேல், எஃகைத் துருவிலிருந்து காப்பாற்றும் குணம் உள்ளது. வெளியே நாம் கொட்டும் அமிலமோ அதற்கு நேர்மாறு. உயர்வலிமை போல்ட்டுகளுக்குள் ஹைட்ரஜன் புகுந்து அவற்றை நொறுங்கும்படி ஆக்கவும் அது வழி செய்கிறது. சென்னைக் கடலோரக் காற்றில் ஓடும் வண்டிகளுக்கு ஏற்கெனவே உப்பு ஒரு எதிரி. அரிப்பும் அயர்ச்சியும் சேரும்போது, இவ்வளவுக்குக் கீழே போனால் எஃகு என்றென்றும் தாங்கும் என்ற பாதுகாப்பு எல்லையே இல்லாமல் போகிறது.

இனி பழுதுபார்ப்பு. வளையத்தை ஒட்டிய அந்தச் செம்பழுப்புக் கோட்டையே எடுத்துக்கொள்வோம்.

கண்ணுக்குத் தெரிவது விரிசலின் நடுப்பகுதி மட்டும். முனைகள் அதற்கு அப்பாலும் ஓடியிருக்கும். பெயின்டையும் சிமென்ட் படிவையும் கம்பி பிரஷ்ஷால் அகற்றி, கரைப்பானால் துடைத்து, சிவப்புச் சாயத்தைத் தெளித்துக் கால்மணி நேரம் ஊறவிட வேண்டும். மேலே உள்ளதைத் துணியால் துடைத்துவிட்டு வெள்ளைப் பூச்சைத் தெளித்தால், விரிசலுக்குள் இறங்கிய சாயம் மெல்ல மேலேறி வெள்ளைமேல் சிவப்பு நூலாக விரியும். மூன்று விரற்கடை என்று நினைத்தது ஒரு சாணாக நீளும்போது, அருகில் நிற்கும் மெக்கானிக்குகளின் முகம் மாறும். அந்த மூன்று டப்பாக்களும் ஒவ்வொரு யார்டிலும் இருந்தாக வேண்டியவை.

முனைகள் தெரிந்ததும் அவற்றைச் சற்றுத் தாண்டி, துளைக்குள் முனை அடங்கும்படி, டிரில்லிங்கால் வட்டத்துளை போட வேண்டும். கேஸ் கட்டரால் அல்ல. வட்டத்துளையின் ஓரத்தில் தகைவு மூன்று மடங்கு. கூர்மையான விரிசல் முனையில் அதற்கு எல்லையே இல்லை. மழுங்கடிப்பதுதான் துளையின் வேலை. பிறகு விரிசல் முழுவதையும் கிரைண்டராலோ ஆர்க் கவுஜிங்காலோ பள்ளமாகத் தோண்டி, மறுபடி சாயம் தெளித்து, ஒரு துளி சிவப்பும் மிச்சமில்லை என்று உறுதிசெய்ய வேண்டும். நம் பட்டறைகளில் தவறும் படி இதுதான். அடியில் பாதி விரிசலை வைத்துக்கொண்டு மேலே அழகாக மூடுகிறார்கள். மூடிய விரிசல் அடியிலிருந்து மேலே வர எவ்வளவு நாள் ஆகும் என்பது மட்டுமே அதன்பிறகு கேள்வி.

ராடு எது என்பது அடுத்தது. 6013 ஓட்டுவதற்கு எளிது, எங்கும் கிடைக்கும். ஆனால் தாங்கும் இணைப்புகளுக்கு ஹைட்ரஜன் குறைந்த 7018 தான் வேண்டும். ஐப்பசி மழையில் திறந்த பாக்கெட்டில் கிடந்த 7018 அந்தப் பெயருக்கு உரியது இல்லை. அமெரிக்க வெல்டிங் விதிகள் அதை 260 முதல் 430 டிகிரி செல்சியஸில் இரண்டு மணி நேரமாவது அடுப்பில் உலர்த்தச் சொல்கின்றன. சாதா எஃகு டிரம்முக்கு ஈரம் போகும் அளவு சூடு போதும். கடினத் தகட்டு டிரம் என்றால், ஓட்டங்களுக்கு இடையே தகட்டின் வெப்பம் 225 டிகிரியைத் தாண்ட விடக் கூடாது, தாண்டினால் அதன் கடினம் போய்விடும். ராடும் தகட்டைவிட மென்மையானதாகவே இருக்கட்டும். சிறு சிறு நீளமாக, இடம் மாற்றி மாற்றி ஓட்டி, தண்ணீர் ஊற்றாமல் தானாக ஆறவிட வேண்டும். ஆறியபின் கிரைண்டரால் சமப்படுத்தி, ஓரங்களைச் சீவி, கடைசியாக ஒருமுறை சாயச் சோதனை. கனமான வளையத்திலோ கார்பன் மிகுந்த எஃகிலோ வேலை என்றால், முன்சூடு கட்டாயம் தேவை; 48 மணி நேரம் கழித்தும் ஒரு சோதனை வேண்டும். ஹைட்ரஜனால் வரும் விரிசல் வெல்டர் வீட்டுக்குப் போன பிறகுதான் வெளியே வரும். உதாரணமாக, இ.என்.8 வகை எஃகுத் தண்டில் கார்பன் 0.4 சதவீதம் அளவுக்கு இருக்கிறது. விரிசல் விழுந்த மிக்ஸர் தண்டை வெல்டிங் வைத்து ஓட்டுவதை நான் எந்த நிலையிலும் ஒப்புக்கொள்ள மாட்டேன். மாற்றத்தான் வேண்டும்.

பேட்ச் போடலாமா என்று கேட்பார்கள். பழைய வேட்டியில் புதுத்துணி ஒட்டுப்போட்டால் ஒட்டின் ஓரம்தான் அடுத்துக் கிழியும். விரிசலுக்கு மேல் சதுரமாக ஒரு தகட்டை வைத்துச் சுற்றிலும் வெல்டிங் போடுவது அதையேதான் செய்கிறது. விரிசல் பேட்ச்சின் மூலைக்கு இடம் பெயர்கிறது. டிரம்மில் பேட்ச் வேண்டியிருந்தால், தேய்ந்த பகுதியை வெட்டியெடுத்து, அதே கனத்தில், அதே வளைவில், மூலைகளை வட்டமாக்கிய தகட்டை நேர்முட்டாகப் பதிக்க வேண்டும். சட்டத்தில் வலுவூட்டும் தகடு வைத்தால் அதன் முனைகள் சாய்சதுரமாகக் கூரிட்டிருக்க வேண்டும். விளிம்புக்குக் குறுக்கே நேர்க்கோட்டில் வெல்டிங் ஓடவே கூடாது.

வெல்டிங் இயந்திரத்தின் எர்த் கிளாம்ப் எங்கே மாட்டப்படுகிறது என்று எப்போதும் பாருங்கள். வேலை நடக்கும் இடத்துக்குப் பக்கத்திலேயே இருக்க வேண்டும். சேஸிஸில் எங்கோ மாட்டிவிட்டு டிரம்மில் ராடு வைத்தால் மின்னோட்டம் ரோலர் பேரிங் வழியாகவும் கியர்பாக்ஸ் வழியாகவும் பாயும். பேரிங்கில் தீப்பொறித் தழும்புகள் விழும். எடைத்தொட்டியில் வெல்டிங் என்றால் லோட் செல்களைக் கழற்றிவிட்டுத்தான் தொடங்க வேண்டும். வண்டியில் பேட்டரி இணைப்பையும் கட்டுப்பாட்டுக் கணினியின் பிளக்கையும் கழற்றியாக வேண்டும். காற்றழுத்தத்தில் இயங்கும் தண்ணீர் டாங்கில் விரிசல் வந்தால் அதைச் சாதாரணப் பட்டறையில் அடைக்கவே கூடாது. அலுமினிய டாங்காக இருந்தால் வெல்டிங் பட்ட இடம் பெருமளவு வலுவிழந்துவிடும், அது பிளந்தால் வெடிகுண்டுதான்.

உள்ளே மனிதர் இறங்குகிறார் என்பது மற்ற எல்லாவற்றுக்கும் முன்னால் வர வேண்டியது. டிரம்முக்குள்ளோ மிக்ஸருக்குள்ளோ ஒருவர் இருக்கும்போது யாரோ ஸ்விட்சைப் போட்டு நேர்ந்த மரணங்கள் இந்தத் தொழிலில் எல்லா நாட்டிலும் உண்டு. மெயின் ஸ்விட்சில் பூட்டு, சாவி உள்ளே இறங்குபவரின் பையில், வெளியே பெயர் சொல்லிக் கூப்பிடும் தூரத்தில் ஒரு ஆள், காற்று ஊதும் விசிறி, சிலிக்கா தூசிக்கு முகமூடி. 1948ஆம் ஆண்டின் தொழிற்சாலைச் சட்டம் இத்தகைய அடைபட்ட இடங்களுக்குள் கொண்டுபோகும் கைவிளக்குக்கு 24 வோல்ட் என்று வரம்பு வைத்தது. 230 வோல்ட் பல்பைச் சாக்குத் துணியில் சுற்றி உள்ளே விடும் யார்டில், விரிசல் பற்றிய மற்ற பேச்சு எதற்கும் பொருளில்லை.

ஒரே இடத்தில் மூன்றாம் முறை விரிசல் வந்தால் வெல்டிங்கை நிறுத்திவிட வேண்டும். சுமையோ வடிவமோ தவறு; அதை மாற்றாமல் நான்காம் முறை ஓட்டுவது பணவிரயம். டிரம்மின் கனம் வளையத்தருகில் பாதிக்கு மேல் தேய்ந்திருந்தால் பழுதுபார்ப்பைப் பற்றிப் பேசவே வேண்டாம். இடையில் உள்ள நிலைகளுக்குத்தான் தீர்ப்பு தேவைப்படுகிறது. அதற்கு வேண்டியது ஒரு நோட்டு: வண்டி எண், விரிசலின் படம், நீளம், தேதி, மீட்டர் காட்டிய நேரம், செய்த வேலை, செய்தவர் பெயர். அந்த நோட்டு இரண்டு ஆண்டு நிரம்பினால், எந்த மாடலில் எந்த மூலை பலவீனம் என்று உற்பத்தியாளரிடம் ஆதாரத்தோடு பேசலாம்.

பேச வேண்டிய இடங்கள் தொலைவில் இல்லை. இந்த இயந்திரங்கள் சென்னையை அடுத்த இருங்காட்டுக்கோட்டையிலேயே தயாராகின்றன. திருச்சி பெல் வளாகத்தில் வெல்டிங் ஆராய்ச்சி நிலையம் 1975 முதல் இருக்கிறது; தரமணியில் கட்டமைப்புப் பொறியியல் ஆராய்ச்சி மையத்தில் உலோக அயர்ச்சியைச் சோதிக்கும் ஆய்வுக்கூடம் இருக்கிறது. உற்பத்தியாளர்களிடம் நாம் கேட்க வேண்டியவை நான்கே. டிரம்மின் ஒவ்வொரு பகுதிக்கும் இதற்குக் கீழே தேய்ந்தால் ஓட்டாதே என்ற தகட்டுக் கன வரம்பு. எந்தத் தகடு எந்த எஃகு என்ற வரைபடம். அந்த எஃகுக்கான பழுது வெல்டிங் முறை. வெல்டிங் வைக்கக் கூடாத இடங்களில் அழியாத பெயின்டில் ஒரு குறி. இவை நான்கும் தமிழில் அச்சிட்டு வண்டியின் கதவுப் பையில் வரட்டும். வாங்கும் ஒப்பந்தத்தில் இதை ஒரு நிபந்தனையாக எழுத ஒப்பந்ததாரர்கள் இந்த ஆண்டே தொடங்கலாம்.